முதல் அறிவிக்கை வந்துவிட்டது, நேரே ஹைகோர்ட் போகலாமா?

கேள்வி: நாங்கள் பெங்களூரு அல்சூரில் மூன்று தலைமுறையாக இருக்கும் குடும்பம். ஆனேக்கல் தாலூகாவில் 1 ஏக்கர் 14 குண்டே (40 குண்டே ஒரு ஏக்கர்) நிலத்தை அப்பா 1987-இல் கிரயம் வாங்கினார். 42 தென்னை, ஒரு போர்வெல், ஒரு ஓட்டு வீடு இருக்கிறது. 2017-இல் அப்பா காலமானார். பஹணியில் (நில உரிமைப் பதிவேட்டில்) இன்னும் அவர் பெயர்தான். இப்போது தொழிற்பேட்டைக்காக கே.ஐ.ஏ.டி.பி. (கர்நாடகத் தொழிற்பேட்டை வளர்ச்சி வாரியம்) அறிவிக்கை வெளியாகியிருக்கிறது. பக்கத்து நிலக்காரருக்கு நோட்டீஸ் வந்து 12 நாளாகிறது, எங்களுக்கு வரவில்லை. எங்களை ஒட்டியிருக்கும் ஆறு ஏக்கர் பண்ணை மட்டும் பட்டியலில் இல்லை. பணம் கொடுத்தால் டீநோட்டிஃபை செய்து (அறிவிக்கையிலிருந்து நிலத்தை விடுவித்து) தருவதாக ஒரு புரோக்கர் வந்துபோகிறார். அண்ணன் ஓசூரில், அக்கா கே.ஜி.எஃப்.பில். நேரே ஹைகோர்ட்டில் ஸ்டே வாங்கிவிடலாமா?

பதில்: முதலில் நாள் கணக்கு. உங்கள் பக்கத்து நிலக்காரருக்கு வந்தது கர்நாடகத் தொழிற்பேட்டைச் சட்டம் 1966-இன் 28(2) பிரிவு நோட்டீஸ். அது கையில் கிடைத்த நாளிலிருந்து 30 நாளுக்குள் ஆட்சேபணை கொடுக்க வேண்டும். நோட்டீஸே வராததால் உங்கள் 30 நாள் இன்னும் தொடங்கவில்லை என்று பின்னால் வாதாடலாம்தான். ஆனால் அந்த வாதத்தை நம்பி உட்கார்ந்திருக்காதீர்கள். அவருடைய கெடு முடிய 18 நாள் இருக்கிறது. அதையே உங்கள் கெடுவாக வைத்துக்கொண்டு ஆட்சேபணையைக் கொடுத்துவிடுங்கள். நாள் குறைவு என்பதால் இந்தப் பதிலை உங்களுக்குத் தனியாகவும் அனுப்பியிருக்கிறோம்.

ஹைகோர்ட்டுக்கு இப்போது போக வேண்டாம். 28(1) அறிவிக்கை என்பது நிலத்தை எடுக்க உத்தேசம் என்று அரசு சொல்வது, அவ்வளவுதான். இந்த நிலையில் ரிட் (அரசின் செயலை எதிர்த்து ஹைகோர்ட்டில் போடும் மனு) போட்டால் பெரும்பாலும் முதல் நாளே 'ஆட்சேபணை கொடுங்கள், அதிகாரி விசாரிக்கட்டும்' என்று முடித்துவிடுவார்கள். வக்கீல் ஃபீஸும் நாளும் போனதுதான் மிச்சம். விதிவிலக்கு ஒன்று உண்டு. 28-ஆம் பிரிவு இருக்கும் ஏழாம் அத்தியாயம் ஓர் இடத்துக்குப் பொருந்த வேண்டுமானால், அந்த இடத்தின் மேல் 1(3) (அந்த அத்தியாயத்தை அங்கே அமலாக்குவது), 3(1) (இடத்தைத் தொழிற்பகுதியாக அறிவிப்பது) அறிவிக்கைகளும் இருக்க வேண்டும். வழக்கமாக மூன்றும் ஒரே நாளில் கெஜட்டில் வரும். உங்கள் சர்வே எண் 28(1)-இல் இருந்து மற்ற இரண்டில் இல்லாமல் போனால் அது அதிகாரத்தின் வேரையே தொடும் குறை. அதற்கு இப்போதே கோர்ட் போகலாம். அதனால் மூன்று கெஜட்டையும் பக்கத்தில் வைத்து ஒப்பிட்டுப் பாருங்கள்.

மற்றபடி, நிலம் எடுப்பு வழக்கில் கோர்ட் எதைப் பார்க்கிறது என்பது பிடிபட்டால் எப்போது போவது என்பதும் பிடிபடும். தொழிற்பேட்டை ஆனேக்கலில் வேண்டுமா, ஓசூர் ரோட்டுக்கு அந்தப் பக்கம் போகக் கூடாதா என்றெல்லாம் நீதிபதி யோசிக்க மாட்டார். அது அரசின் வேலை. அந்த முடிவை எப்படி எடுத்தார்கள், யாரைக் கேட்டார்கள், கேட்டதற்கு என்ன பதில் எழுதினார்கள் என்பதைத்தான் பார்ப்பார். அரசு வக்கீலிடம் அசல் ஃபைலைக் கொண்டுவரச் சொல்லி, பக்கம் பக்கமாகப் புரட்டுவார்.

மேற்கு வங்கத்தின் சிங்கூர் வழக்கு இதற்கு நல்ல உதாரணம். 2016 ஆகஸ்ட் 31 அன்று உச்ச நீதிமன்றம் கார் தொழிற்சாலைக்காக எடுத்த கிட்டத்தட்ட ஆயிரம் ஏக்கரின் எடுப்பை ரத்து செய்தது. அமர்வில் இருந்த இரண்டு நீதிபதிகளும் அது பொது நோக்கமா என்பதில் ஒத்துப்போகவில்லை. கர்நாடகத்தைச் சேர்ந்த நீதிபதி கோபால கௌடா இல்லை என்றார். நீதிபதி அருண் மிஸ்ரா ஆமாம் என்றார். விவசாயிகளின் ஆட்சேபணைகளை ஒழுங்காக விசாரிக்கவில்லை என்பதில் மட்டும் இருவரும் ஒன்றுபட்டார்கள். எடுப்பு விழுந்தது அந்த இடத்தில்தான். 2024 மே மாதத்தில், கொல்கத்தா மாநகராட்சி வழக்கில், அரசமைப்பின் 300-ஏ பிரிவு தரும் சொத்துரிமைக்குள் ஏழு கிளை உரிமைகள் இருப்பதாக உச்ச நீதிமன்றம் வரிசைப்படுத்தியது. அதில் முதல் மூன்று: நோட்டீஸ் பெறும் உரிமை, தன் பக்கத்தைச் சொல்லும் உரிமை, காரணம் எழுதிய உத்தரவைப் பெறும் உரிமை. உங்கள் வழக்கின் உயிர் இந்த மூன்றில் இருக்கிறது. ஆட்சேபணையே கொடுக்காதவருக்கு இந்த மூன்றும் பாதிக்கு மேல் போய்விடுகின்றன.

இனி உங்கள் காகிதங்கள். அறிவிக்கையின் அட்டவணையில் ஒவ்வொரு வரியிலும் சர்வே எண், காத்தேதாரர் (பதிவேட்டில் உள்ள உரிமையாளர்) பெயர், அனுபவதாரர் பெயர், புஞ்சையா நஞ்சையா தோட்டமா, பரப்பு ஏக்கர்-குண்டே, கராபு (சாகுபடிக் கணக்கில் வராத நிலம்), நான்கு எல்லை எல்லாம் இருக்கும். உங்கள் வரியை விரல் வைத்துப் படியுங்கள். 54 குண்டேயும் வந்திருக்கிறதா, 'போடி' (உட்பிரிவு) ஆகாத பழைய சர்வே எண்ணில் கலந்து வேறு யார் பெயரிலாவது பாதி போயிருக்கிறதா என்று பாருங்கள். தென்னந்தோப்பைப் புஞ்சை என்று போட்டிருந்தால் அதையும் குறித்துக்கொள்ளுங்கள். கராபு கலத்தில் 'பி' என்று எத்தனை குண்டே விழுந்திருக்கிறது என்பது முக்கியம். பி-கராபு என்றால் பாதை, ஓடை போன்ற பொது இடம், அதற்கு உங்களுக்குப் பணம் வராது. கிரயப் பத்திரத்தில் 1 ஏக்கர் 14 இருந்து, ஆகார்பந்தில் (சர்வேத் துறையின் பரப்புப் பதிவேட்டில்) 6 குண்டே பி-கராபு என்று இருந்தால் அந்தச் சண்டையை இப்போதே தொடங்க வேண்டும்.

அப்பா பெயர் மாறாமல் கிடப்பதுதான் உங்கள் தரப்பின் பலவீனமான இடம். நோட்டீஸ் வராததைப் பெரிய ஆயுதமாக நினைத்திருப்பீர்கள். வருவாய்ப் பதிவேட்டில் பெயர் உள்ளவருக்கு நோட்டீஸ் கொடுத்தால் போதும், பெயர் மாற்றாமல் விட்டவர் பின்னால் வந்து புகார் சொல்ல முடியாது என்று 2003-இலேயே கர்நாடகத்திலிருந்து போன ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அது நிலம் வாங்கியவர் விஷயம், நீங்கள் வாரிசுகள், நிலம் உங்கள் அனுபவத்தில் இருக்கிறது, அனுபவதாரருக்கும் நோட்டீஸ் தர வேண்டும் என்றெல்லாம் வித்தியாசம் காட்டலாம். ஆனாலும் வலுவான காரணம் என்று சொல்ல மாட்டேன். நாளைக்கே இறப்புச் சான்றிதழோடு நாடகச்சேரிக்கு (உள்ளூர் வருவாய் அலுவலகம்) போய் வம்சவிருட்சம் (வாரிசுப் பட்டியல்) வாங்கி, பௌத்தி காத்தாவுக்கு (இறந்தவர் பெயரிலிருந்து வாரிசுகள் பெயருக்கு மாற்றுவது) மனு கொடுங்கள். காத்தா மாறும்வரை ஆட்சேபணைக்காகக் காத்திருக்க வேண்டாம். மனு கொடுத்த ஒப்புகைச் சீட்டின் நகலை ஆட்சேபணையோடு இணைத்தால் போதும். அக்காவின் பெயர் வம்சவிருட்சத்தில் விட்டுப்போகக் கூடாது. விட்டால் பின்னால் இழப்பீட்டுப் பணம் பங்குத் தகராறில் கோர்ட்டில் முடங்கும்.

ஆட்சேபணையை எப்படி எழுதுவது? 'பாட்டன் சொத்து, ரத்தமும் வியர்வையும் சிந்திய மண்' என்று இரண்டு பக்கம் எழுதுவதில் ஒரு பயனும் இல்லை. அதிகாரி பதில் எழுதியே ஆக வேண்டிய வாக்கியங்களாக எழுதுங்கள். உதாரணமாக: 'எங்கள் நிலத்தின் வடக்கு எல்லையை ஒட்டி, அதே மண், அதே பாசனம் உள்ள இன்ன சர்வே எண் நிலம் விடப்பட்டிருக்கிறது. எந்த அளவுகோலின்படி அது விடப்பட்டது, அதே அளவுகோல் எங்களுக்கு ஏன் பொருந்தாது?' இன்னொன்று: '42 காய்க்கும் தென்னையும், இத்தனை அடி ஆழ போர்வெல்லும், ஓட்டு வீடும் உள்ள நிலம் இது, அறிவிக்கையில் வெறும் புஞ்சை என்றிருப்பது தவறு.' மாஸ்டர் பிளானில் உங்கள் நிலம் என்ன மண்டலத்தில் வருகிறது, பக்கத்தில் ஏரியோ ராஜகாலுவையோ (பெரிய மழைநீர்க் கால்வாய்) இருக்கிறதா என்று பார்த்து அதையும் சேருங்கள். இப்படி எட்டு பத்து வாக்கியம் போதும். ஒவ்வொன்றுக்கும் எண் போடுங்கள். பிறகு உத்தரவில் ஐந்தாவதுக்குப் பதிலே இல்லை என்றால், அந்த மௌனமே உங்கள் ரிட் மனுவின் முதல் பத்தி.

கன்னடத்தில் எழுதுவது நல்லது. விசாரிக்கும் அதிகாரியின் குறிப்பும் உத்தரவும் கன்னடத்தில்தான் இருக்கும். உங்கள் வார்த்தையை அவர் மொழிபெயர்க்கும்போது பாதி உதிர்ந்துவிடக் கூடாது. மூன்று பேரும் கையெழுத்துப் போடுங்கள். சிறப்பு நிலம் எடுப்பு அதிகாரியின் அலுவலகத்தில் நேரில் கொடுத்து, உங்கள் நகலில் முத்திரையும் தேதியும் வாங்குங்கள். முத்திரை போட மறுத்தால் அன்றே ஸ்பீடு போஸ்டில் ஒப்புகையோடு அனுப்புங்கள். வாட்ஸ்ஆப்பில் அனுப்பி நீல டிக் வந்தது என்று சொல்பவர்களும் உண்டு; அதை வைத்துக்கொண்டு கோர்ட்டில் ஒன்றும் செய்ய முடியாது.

அடுத்தது 28(3) விசாரணை. நேரில் கேட்கும் வாய்ப்பைச் சட்டமே தந்திருக்கிறது. கூட்டமாக ஐம்பது பேரை ஒரே நாளில் கூப்பிட்டு, வருகைப் பதிவில் கையெழுத்து வாங்கி அனுப்பிவிடுவது நடக்கிறது. வெறும் வருகைத் தாளில் கையெழுத்துப் போடும்போது, பக்கத்தில் 'ஆட்சேபணையை வலியுறுத்தினேன், எழுத்து வாதம் கொடுத்தேன்' என்று எழுதிவிட்டுக் கையெழுத்திடுங்கள். அன்றைக்கு ஒரு பக்க எழுத்து வாதம் கையில் இருக்கட்டும். பிறகு உத்தரவின் நகலைக் கேளுங்கள். தானாகத் தர மாட்டார்கள். தகவல் உரிமைச் சட்டத்தில் கேட்கும்போது கர்நாடக விதிப்படி ஒரு மனுவுக்கு ஒரு விஷயம், 150 வார்த்தைக்குள், கட்டணம் 10 ரூபாய். 28(3) உத்தரவுக்கு ஒரு மனு, ஃபைலின் குறிப்புத் தாள்களுக்கு ஒரு மனு என்று தனித்தனியாகப் போடுங்கள். உத்தரவு வந்ததும் உங்கள் ஊர்க்காரர்கள் நாலைந்து பேரின் உத்தரவுகளையும் வாங்கி ஒன்றாக வைத்துப் பாருங்கள். சர்வே எண் மட்டும் மாறி மற்ற வரிகள் ஒரே அச்சாக இருந்தால், அதிகாரி மனம் வைத்துப் பார்க்கவில்லை என்பதற்கு அதைவிட நல்ல சாட்சி கிடையாது. வீடும் தோப்பும் உள்ள உங்கள் நிலத்துக்கும் தரிசாகக் கிடக்கும் நிலத்துக்கும் ஒரே பதில் எப்படிப் பொருந்தும்?

இப்போது அவசரப்பட வேண்டிய கட்டம் எது என்று சொல்கிறேன். பழைய 1894 சட்டத்தில் அரசு சுவாதீனம் எடுத்த பிறகுதான் நிலம் அரசுடையதாகும். தொழிற்பேட்டைச் சட்டம் அப்படியல்ல. 28(4) இறுதி அறிவிக்கை கெஜட்டில் வந்த அன்றே, 28(5) பிரிவின்படி, நிலம் அரசுக்குப் போய்விடுகிறது. நீங்கள் தேங்காய் பறித்துக்கொண்டிருக்கலாம், வீட்டில் விளக்கு எரியலாம். சட்டத்தின் கண்ணில் நிலம் உங்களுடையது அல்ல. அதன்பின் 28(6)-இல் 30 நாள் நோட்டீஸ் கொடுத்து, விட்டுக்கொடுக்கச் சொல்வார்கள். ஆகவே 28(4) வந்த வாரமே ரிட் தாக்கலாகும்படி காகிதங்கள் தயாராக இருக்க வேண்டும். ரிட்டுக்கு இத்தனை நாள் என்ற கெடு சட்டத்தில் இல்லை. ஆனால் அவார்டு (இழப்பீட்டு உத்தரவு), சுவாதீனம் எல்லாம் முடிந்த பிறகு வந்தவர்களைத் தாமதம் என்ற ஒரே காரணத்துக்காக அனுப்பிவிட்ட தீர்ப்புகள் ஏராளம்.

'ரெண்டு வருஷம் இழுத்தடித்தால் எடுப்பு தானாகச் செத்துவிடும்' என்று ஊரில் யாராவது சொல்லியிருப்பார்கள். அதை நம்ப வேண்டாம். 1894 சட்டத்தின் அந்த இரண்டு வருடக் கெடு தொழிற்பேட்டைச் சட்டத்துக்குப் பொருந்தாது என்று 2011-இல் நாகபூஷணா வழக்கிலும், 2013-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 24(2) காலாவதிப் பிரிவும் பொருந்தாது என்று 2017-இலும் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பி.டி.ஏ. (பெங்களூரு வளர்ச்சி ஆணையம்) லேஅவுட் என்றால் கதை வேறு. அங்கே பி.டி.ஏ. சட்டத்தின் 27-ஆம் பிரிவில் ஐந்து வருடக் கணக்கு ஒன்று உண்டு. உங்கள் விஷயத்துக்கு அது வராது.

ரிட்டில் அரசு, தொழில் துறை, கே.ஐ.ஏ.டி.பி., நிலம் எடுப்பு அதிகாரி எல்லோரையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். அண்ணன், அக்கா, அம்மா இருந்தால் அம்மா, எல்லோரும் மனுதாரர்கள். வழக்கு எண்ணோடு 'எல்.ஏ.-கே.ஐ.ஏ.டி.பி.' என்று வகை போட்டு, தனி நீதிபதி முன் வரும். இடைக்காலமாகக் கிடைப்பது பெரும்பாலும் 'ஸ்டேட்டஸ் கோ', அதாவது இருப்பது இருந்தபடி. அது இரண்டு பக்கமும் வெட்டும். அரசு ஜே.சி.பி. கொண்டுவர முடியாது, நீங்களும் விற்கவோ புதிதாகக் கட்டவோ முடியாது.

ஜெயித்தால் என்ன கிடைக்கும் என்பதையும் தெரிந்துகொண்டு இறங்குங்கள். விசாரணை சரியில்லை என்ற காரணத்தில் ஜெயிப்பவர்களுக்குப் பெரும்பாலும் கிடைப்பது 28(4) ரத்தாகி, 'மறுபடி கேட்டு முடிவு செய்' என்று ஃபைல் திரும்பிப் போவது. அதுவும் உங்கள் சர்வே எண்ணுக்கு மட்டும். நிலம் நிரந்தரமாகத் தப்பித்தது என்று அர்த்தமில்லை. ஆனால் அந்த இடைவெளியில் லேஅவுட் வரைபடம் மாறும், பேச்சுவார்த்தைக்கு இடம் கிடைக்கும். எடுப்பையே அடியோடு அழிக்கும் தீர்ப்பு, சொன்ன நோக்கம் ஒன்று செய்தது ஒன்று என்று ஃபைலிலிருந்தே நிரூபணமாகும்போதுதான் வருகிறது. பெங்களூருவின் கோடிஹள்ளி, சல்லகட்டா நிலங்கள் அப்படித்தான். 1981-இல் கோல்ஃப் மைதானமும் ஹோட்டலும் சுற்றுலாக் கழகத்துக்கு என்று அறிவித்து எடுத்தார்கள், தனியார் கைக்குப் போனது. 2011-இல் ராயல் ஆர்க்கிட் வழக்கில் உச்ச நீதிமன்றம் நிலக்காரர் தாமதமாக வந்ததையும் மீறி அவர் பக்கம் நின்றது. முப்பது வருடம் ஆயிற்று என்பதையும் சேர்த்துப் படியுங்கள்.

விட்டுப்போன ஆறு ஏக்கர் பண்ணையைப் பற்றி: 'அவனை விட்டாய், என்னையும் விடு' என்றால் கோர்ட் கேட்காது, ஒருவருக்குத் தவறாகக் கொடுத்த சலுகையை இன்னொருவர் உரிமையாகக் கேட்க முடியாது. ஆனால் பி.டி.ஏ.வின் அர்க்காவதி லேஅவுட் வழக்கில், 2010-இல், கட்டடம் நிறைந்த இடம், நர்சரி, ஓடிக்கொண்டிருக்கும் தொழிற்சாலை என்று வகை பிரித்து, அதே வகையில் வரும் மற்றவர்களின் கோரிக்கையையும் பரிசீலிக்கச் சொன்னார்கள். விடுபட்ட நிலத்தை ஒட்டி, அதே தன்மையில் உள்ள நிலமும் அந்தப் பட்டியலில் இருந்தது. ஆகவே பண்ணை யாருடையது என்று தேடாதீர்கள். எந்த வகையில் வருவதால் விட்டார்கள், அந்த வகையில் நீங்கள் வருகிறீர்களா என்று தேடுங்கள். வரைபடத்தில் இரண்டு நிலத்தையும் வண்ணம் போட்டுக் காட்டும் ஒரு ஸ்கெட்ச், பத்துப் பக்க வாதத்துக்குச் சமம்.

புரோக்கருக்கு ஒரு ரூபாயும் கொடுக்காதீர்கள். 28(4)-க்கு முன்னால் உங்கள் நிலத்தை விடுவதற்கு வழி 28(3) விசாரணைதான், அதற்கு அவர் தேவையில்லை. 28(4)-க்குப் பிறகு நிலம் அரசுடையது, அவர் கையில் எதுவும் இல்லை. தேவனஹள்ளியில் 1,777 ஏக்கரை அரசு 2025 ஜூலை 15 அன்று கைவிட்டதே என்று அவர் காட்டுவார். அது சன்னராயபட்ண ஹோப்ளியின் (தாலூகாவின் உட்பிரிவு) 13 ஊர்க்காரர்கள் மூன்று வருடத்துக்கு மேல் தெருவில் உட்கார்ந்து வாங்கியது. உங்களுக்கு அப்படி ஒரு ஊர்ச் சங்கம் இருந்தால் அதில் சேருங்கள். அதற்கும் ரிட்டுக்கும் முரண்பாடு இல்லை. 28(1)-க்குப் பிறகு யாருக்காவது விற்றுத் தப்பிக்கும் யோசனையும் வேண்டாம். அறிவிக்கைக்குப் பின் வாங்கியவர் எடுப்பை எதிர்க்க முடியாது என்று 2019-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. விவரம் தெரிந்த யாரும் நியாய விலைக்கு வாங்க மாட்டார்கள்.

பணம் பேசும் கட்டம் வந்தால் ஒப்பந்தத் தாளில் அவசரப்பட்டுக் கையெழுத்துப் போடாதீர்கள். மாவட்ட ஆட்சியர் தலைமையிலான குழு நிர்ணயித்த விலைக்கு 29(2)-இல் சம்மதித்துவிட்டால், எடுப்பை எதிர்க்கும் ரிட்டும் போய்விடும், கூடுதல் தொகை கேட்டு சிவில் கோர்ட் போகும் வழியும் போய்விடும். அண்ணன் மட்டும் தனியாகக் கையெழுத்துப் போட்டாலும் உங்கள் வழக்கு ஆட்டம் காணும். பணத்துக்குப் பதில் ஏக்கருக்கு 10,781 சதுர அடி மேம்படுத்திய மனை என்ற திட்டமும் உண்டு. உங்கள் 54 குண்டேவுக்கு அது சுமார் 14,554 சதுர அடி. மனை எப்போது, எந்த இடத்தில் என்று எழுத்தில் வராமல் அதை ஏற்காதீர்கள். பணமே வராமல் வருடக்கணக்கில் இழுத்தால் அதற்கும் பரிகாரம் இருக்கிறது. பெங்களூரு-மைசூரு நெடுஞ்சாலைத் திட்டத்துக்காக 2003-இல் அறிவித்த நிலங்களுக்கு, 2019 ஏப்ரல் 22 அன்றைய சந்தை விலைப்படி இழப்பீடு கணக்கிட உச்ச நீதிமன்றம் 2025 ஜனவரியில் உத்தரவிட்டது.

கடைசியாக, கூட்டளவைக்கு (பல துறையினர் சேர்ந்து நிலத்தை அளப்பது) ஆட்கள் வரும் நாளில் குடும்பத்தில் ஒருவராவது நிலத்தில் இருங்கள். அன்று எழுதும் மஹஜரில் (நேரில் பார்த்து எழுதும் பதிவில்) உள்ள எண்ணிக்கைதான் பிறகு தோட்டக்கலைத் துறை மரத்துக்கும், பொதுப்பணித் துறை வீட்டுக்கும் போடும் மதிப்பீட்டின் அடிப்படை. அதற்கு முந்தின நாளே 42 தென்னைக்கும் சுண்ணாம்பில் எண் எழுதி, எண் தெரியும்படி ஒவ்வொன்றையும் படம் எடுத்து வையுங்கள். போர்வெல் போட்ட பில், மின் இணைப்பின் ஆர்.ஆர். எண், வீட்டு வரி ரசீது ஆகியவற்றின் நகல்களைக் கையில் கொடுங்கள். கலங்கள் காலியாக உள்ள மஹஜரில், 'ஆபீஸ் போய் நிரப்பிக்கொள்கிறோம்' என்று சொன்னால், கையெழுத்துப் போடாமல் 'கலங்கள் நிரப்பப்படவில்லை' என்று அதே தாளில் எழுதிக் கொடுங்கள்.